தம்பி சொன்ன ‘இர்லி’

இந்த நினைவு மலரில் என் பெயரைப் பார்த்ததும் உங்களில் பலர் கொஞ்சம் எச்சரிக்கையாகியிருப்பீர்கள். அண்ணன் எழுதுகிறார், இனி யாருடைய கட்டுரையில் என்ன தப்பு என்று ஆரம்பிக்கப் போகிறார் என்று நினைத்திருப்பீர்கள். நினைத்தது நியாயம்தான். முதல் பக்கத்தில் இருக்கும் தம்பியின் வாழ்க்கைக் குறிப்பில் ஒரு தவறு இருக்கிறது. அதைப் பற்றிக் கடைசியில் எழுதுகிறேன்.

மற்றவர்கள் எல்லோரும் தம்பியை ‘அவர்’ என்று எழுதியிருக்கிறார்கள். நான் ‘அவன்’ என்றே எழுதுகிறேன். எங்கள் இருவருக்கும் நடுவில் மரியாதைப் பன்மை ஒருமுறை வந்தது. அதோடு ஒரு வருஷத்துக்கு மேல் காலம் தள்ளியவன் நான். மறுபடி அது வேண்டாம்.

நாங்கள் வளர்ந்தது பெங்களூர் காக்ஸ் டவுனில், தேவாலயத்துக்குப் பின்னால் இருந்த சந்தில். அப்பா ரயில்வே குமாஸ்தா. நாங்கள் இருவரும் பள்ளியில் படிக்கும்போதே போய்விட்டார். அம்மா தையல் வேலை செய்து எங்களை வளர்த்தார். எனக்குப் படிப்பு வந்தது. இன்ஜினியரிங் முடித்தேன். தம்பிக்கு வரவில்லை. பி.யு.சி. பரீட்சை முடிந்து அவன் வீட்டுக்கு வந்த அன்றே, எந்தெந்தப் பாடத்தில் போகும் என்று அவனிடம் சொன்னேன். அந்தந்தப் பாடத்தில்தான் போயிற்று. அம்மா அழுதார். தம்பி என்னைப் பார்த்து, “இர்லி பிடுண்ணா,” என்றான்.

கன்னடம் தெரியாத உறவினர்களுக்காகச் சொல்கிறேன். ‘இரலி’ என்றால் இருக்கட்டும் என்று பொருள். ‘பிடு’ என்றால் விடு. பேச்சில் ‘இரலி’ என்பது ‘இர்லி’ ஆகிவிடும். அன்று நான் அதையும் திருத்தினேன்.

“அது ‘இர்லி’ இல்லடா. ‘இரலி’.”

“இர்லிண்ணா,” என்றான்.

அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டே அவன் பிழைத்தான் என்று சொல்லலாம். பேக்கரி வேன் ஓட்டினான். பிறகு டிரைவிங் ஸ்கூலில் சொல்லிக்கொடுக்கும் வேலைக்குப் போனான். பிறகு ஒரே ஒரு காரை வைத்துச் சொந்தமாக ஒரு பள்ளி ஆரம்பித்தான். காக்ஸ் டவுனிலும் சுற்றுப்புறத்திலும் இன்று கார் ஓட்டும் பெண்களில் நிறையப் பேர் அவனிடம் கற்றவர்கள். மேட்டில் வண்டி நின்று, பின்னால் பஸ்காரன் ஹாரன் அடித்து, ஸ்டியரிங்கைப் பிடித்திருப்பவர் அழுகிற நிலைக்கு வரும்போது பக்கத்து சீட்டிலிருந்து, “இர்லி மேடம், இர்லி. அவன் அடிப்பான். நீங்க கிளச்சை மட்டும் மெதுவா விடுங்க,” என்று குரல் வரும். அடக்கத்துக்கு வந்த ஒரு டாக்டரம்மா, ஆபரேஷன் நடக்கும்போது கை நடுங்கினால் இன்றும் அந்தக் குரல் தன் காதில் கேட்கும் என்று சொன்னார்.

என் தொழில் வேறு. மோதிய வண்டிகளைப் போய்ப் பார்த்து, எப்படி மோதியது, தப்பு யார் மேல் என்று காப்பீட்டு நிறுவனத்துக்கு அறிக்கை எழுதுவது. சர்வேயர் என்பார்கள். நசுங்கிய கதவை ஒரு பார்வை பார்த்தால் எனக்குத் தெரிந்துவிடும். என் அறிக்கை பொய்த்ததில்லை என்றே சொல்லலாம். அந்தப் பார்வையை நான் சாயங்காலம் வீட்டுக்கும் எடுத்துக்கொண்டு வந்தேன். தம்பி மாடியில் தண்ணீர்த் தொட்டி வைத்தபோது அந்தச் சுவர் தாங்காது என்றேன். அடுத்த மழைக்குள் விரிசல் விட்டது. ஒரு கல்யாணத்துக்கு ஓசூர் ரோடு வழியாகப் போகாதீர்கள் என்றேன். போனார்கள். ஐஸ்கிரீம் கொடுக்கும் நேரத்துக்குத்தான் போய்ச் சேர்ந்தார்கள்.

‘நான் அப்பவே சொன்னேன்’ என்ற வார்த்தையை நான் ஒருநாளும் சொன்னதில்லை. அதில் எனக்குப் பெருமை உண்டு. ஒருநாள் என் மனைவியிடம் அந்தப் பெருமையைச் சொன்னேன்.

“வாயால சொன்னாத்தான் சொன்னதா?” என்றாள். “கண்ணாடியக் கழட்டி சட்டை நுனில தொடைச்சுத் தொடைச்சு மறுபடி மாட்டுவீங்களே, அது என்னவாம்?”

அப்படி ஒரு பழக்கம் எனக்கு இருப்பது அதுவரை எனக்குத் தெரியாது. குடும்பத்தில் மற்ற எல்லோருக்கும் தெரிந்திருந்தது. தம்பியின் பிள்ளைகள் ஷீலாவும் ஆல்வினும் சின்ன வயதில் கண்ணாடியில்லாத முகத்தில் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக் காட்டி ஒருவரை ஒருவர் கேலி செய்வார்களாம்.

எப்போதும் சரியாகச் சொல்பவனிடம் யோசனை கேட்க ஜனங்கள் வருவார்கள் என்று நினைத்திருந்தேன். அப்படி நடப்பதில்லை. நான் உள்ளே நுழைந்தால் பேச்சு கிரிக்கெட்டுக்கு மாறும். வீடு வாங்கியவர்கள் பத்திரம் முடிந்த பிறகுதான் எனக்குச் சொல்வார்கள். ஆபரேஷன் ஆனவர்கள் தையல் பிரித்த பிறகு சொல்வார்கள். தம்பி ஒருவன்தான் எதையும் முன்னாலேயே வந்து சொல்வான். நான் சொல்லும் குறையை முழுக்கக் கேட்டுக்கொள்வான். இர்லி என்று சொல்லிவிட்டுத் தான் நினைத்ததையே செய்வான்.

எனக்குக் கார் ஓட்டத் தெரியாது என்பது பலருக்கு வேடிக்கை. ஒரே ஒருநாள் தம்பி என்னை உட்கார வைத்தான். கிளச் எப்படி வேலை செய்கிறது என்பதை நான் அவனுக்கு விளக்கினேன். தேவாலய மதில் ஓரமாகவே வண்டி நின்றுகொண்டிருந்தது.

“நீ சொல்றது எல்லாம் கரெக்ட்ணா,” என்றான். “ஆனா வண்டி நவுரல பாரு.”

“நீ சொல்லிக்கொடுக்கிற முறைல தப்பு இருக்கு.”

“இர்லி. எறங்கு, காபி குடிக்கலாம்.”

ஷீலாவைப் பெண் பார்க்க வந்தபோதும் தம்பி என்னைப் பக்கத்திலேயே உட்கார வைத்தான். மாப்பிள்ளைக்குக் கோயம்புத்தூரில் நல்ல வேலை, நல்ல குடும்பம். ஷீலா பேசியது கொஞ்சம்தான். அவள் வாய் திறந்த ஒவ்வொரு முறையும் அந்தப் பையன் அதில் ஏதோ ஒன்றைத் திருத்தினான். அவர்கள் போன பிறகு, இது ஒத்துவராது என்று தம்பியிடம் சொன்னேன். காரணத்தையும் சொன்னேன். என் மனைவி வெளியே வந்ததும், “அவனக் கண்டுபிடிக்க உங்களுக்குக் கஷ்டமா இருந்திருக்காது,” என்றாள்.

ஷீலாவுக்கு அவனைப் பிடித்திருந்தது. இர்லி என்று தம்பி நடத்திவைத்தான்.

இரண்டு வருஷம் கழித்து ஷீலா பெங்களூர் வந்தாள். லீவில் வந்திருக்கிறாள் என்று தம்பி மனைவி கிரேஸ் சொன்னார். அடுத்த முறை போனபோதும் லீவுதான். அதற்கடுத்த முறையும். அவளுடைய பெரிய பெட்டி பரணுக்குப் போய்விட்டது. பால்காரனிடம் கூடுதலாக வாங்கினார்கள். என் தொழிலில் இதைவிடக் குறைந்த தடயம் போதும். எனக்குத் தெரிந்துவிட்டது. எனக்குத் தெரிந்துவிட்டது என்று அவர்களுக்கும் தெரிந்தது. நான் போகிற ஞாயிற்றுக்கிழமைகளில் ஷீலா சிரித்த முகத்தோடு வந்து காபி கொடுத்துவிட்டு உள்ளே போய்விடுவாள். தம்பி அதிகமாகப் பேசுவான். அவன் என்னிடம் மறைத்த முதல் விஷயம் அது. அதுதான் என்னை அரித்தது. நான் சொன்னதை அவன் கேட்கவில்லையே என்று எனக்கு வருத்தம் இல்லை. தானாக வந்து சொல்லவில்லையே என்றுதான். இப்படித்தான் அப்போது எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பாதி உண்மை.

தம்பியின் அறுபதாவது பிறந்த நாளுக்கு வீட்டில் ஜெபம் வைத்து விருந்து கொடுத்தார்கள். பாஸ்டர் வந்திருந்தார். கிரேஸ் வீட்டு உறவினர்கள் வந்திருந்தார்கள். ஷீலா எல்லோருக்கும் பரிமாறிவிட்டுக் கடைசியாகத் தன் தட்டோடு உட்கார்ந்தாள். நான் கேட்டேன்.

“எப்போம்மா கோயம்புத்தூர் திரும்பறே?”

“அடுத்த வாரம், பெரியப்பா.”

அங்கே நிறுத்தியிருக்கலாம். என் மனைவி மேசைக்கு அடியில் என் காலை மிதித்தாள்.

“போன மாசமும் அடுத்த வாரம்னுதான் சொன்னே,” என்றேன்.

பேச்சு நின்றுவிட்டது. யாரோ பிரியாணி நன்றாக இருக்கிறது என்றார்கள். அந்த அமைதியில் என் கை தானாக மூக்குக்குப் போயிற்று. கண்ணாடியைக் கழற்றினேன். துடைத்தேன்.

ஷீலா தட்டைக் கீழே வைத்தாள். “சரி. நான் திரும்பப் போகல. போக மாட்டேன். எல்லாருக்கும் கேட்டுச்சா? பெரியப்பா சொன்னது சரி. மொதல் நாளே சொன்னாரு. சரியாத்தான் சொன்னாரு.” எழுந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

நான் தம்பியைப் பார்த்தேன். அந்த ஒரு சொல்லுக்காகத்தான் பார்த்தேன். அவன் தன் தட்டைப் பார்த்துக்கொண்டே, “சாப்பிடுங்க,” என்றான். எல்லோரையும் பார்த்துச் சொல்கிறான் என்று நினைத்தேன். புறப்படும்போது வாசலில், “பாத்துப் போங்க,” என்றான். என்னிடம் மட்டும்.

அன்று தொடங்கியது அந்த ‘ங்க’. வாங்க, உக்காருங்க, உடம்பு எப்படி இருக்கு உங்களுக்கு. சண்டை இல்லை. போக்குவரத்து நிற்கவில்லை. கிறிஸ்துமஸ் பலகாரம் வந்தது. ஆனால் பிறந்தது முதல் என்னை ‘நீ’ என்று கூப்பிட்டவன், மாமனார் வீட்டு விருந்தாளியிடம் பேசுவதுபோல என்னிடம் பேசினான். நான் எதைச் சொன்னாலும் “சரிங்க” என்றான். இர்லி என்ற சொல் என்னிடம் மட்டும் வரவில்லை.

நானும் ஒரு முடிவு எடுத்தேன். இனி எதையும் சொல்வதில்லை. என் கண்ணுக்குப் பட்டாலும் வாயைத் திறப்பதில்லை. அதை ஒரு பிராயச்சித்தமாக நினைத்தேன். அதில் கொஞ்சம் வீம்பும் இருந்தது. என் அபிப்பிராயம் இல்லாமல் இவர்கள் எப்படிச் சமாளிக்கிறார்கள் பார்ப்போம் என்ற வீம்பு.

இனி எழுதப்போவதை இதுவரை மூன்று பேரிடம்தான் சொல்லியிருக்கிறேன்.

அடுத்த ஈஸ்டருக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஆராதனை முடிந்து வாசலில் காபி கொடுத்துக்கொண்டிருந்தார்கள். தம்பி மெலிந்திருந்தான். எல்லோரும் பாராட்டினார்கள். “தினமும் வாக்கிங்,” என்றான் சந்தோஷமாக. அவன் காபியை வாங்கக் கை நீட்டியபோது கடிகாரப் பட்டையைப் பார்த்தேன். அதில் புதிதாக ஒரு துளை. ஆணியால் போட்டது. நடந்து மெலிகிறவனுக்கு வயிறு குறையும். மணிக்கட்டும் நெற்றிப் பொட்டும் அப்படி உள்ளே போகாது. அம்மாவின் கடைசி வருஷத்தில் இதே மணிக்கட்டைப் பார்த்திருக்கிறேன். ‘டாக்டரைப் பாருடா, இந்த வாரமே’ என்ற வாக்கியம் நாக்கு நுனி வரை வந்தது. தம்பி என்னைப் பார்த்து, “காபி எடுத்துக்குங்க,” என்றான். எடுத்துக்கொண்டேன். வாக்கியத்தை விழுங்கிவிட்டேன்.

சொல்லக் கூடாத இடத்தில் சொன்னேன். சொல்ல வேண்டிய இடத்தில் சொல்லவில்லை. என் தப்பு என்று நான் ஒப்புக்கொள்ள வேண்டியதன் சுருக்கம் இவ்வளவுதான்.

மழைக்காலம் முடியும் சமயத்தில் ஆல்வின் போன் செய்தான். “பெரியப்பா, அப்பாவ அட்மிட் பண்ணிருக்கு. உங்களுக்குச் சொல்ல வேணாம்னாரு. நான்தான் சொல்றேன்.”

ஆஸ்பத்திரியில் அறைக்கு வெளியே கிரேஸ் என்னை நிறுத்தினார்.

“மாமா, ஒரு நிமிஷம். டாக்டர் எங்ககிட்ட சொல்லிட்டாரு. லேட் ஆயிடுச்சாம். இனிமே மருந்து குடுத்தாலும் அவர் தாங்க மாட்டாராம். அவருக்கு இது தெரியாது. கிறிஸ்துமஸுக்கு வீட்டுல இருப்போம்னு நம்பிட்டிருக்காரு. உள்ள போங்க, வேணாங்கல. ஆனா அந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுப் போகாதீங்க.”

பக்கத்தில் ஷீலா நின்றிருந்தாள். பிறந்த நாளுக்குப் பிறகு அவள் என்னிடம் நேராகப் பேசியது அன்றுதான்.

“கண்ணாடிய எங்கிட்ட குடுத்துட்டுப் போங்க, பெரியப்பா.”

“அது இல்லாம எனக்கு அவன் மொகம் தெரியாதும்மா.”

அவள் யோசித்தாள். “அப்ப போட்டுக்குங்க. கழட்டாதீங்க. என்ன ஆனாலும் தொடைக்காதீங்க. அவ்ளோதான் கேக்கறேன்.”

சரி என்று சொல்லிவிட்டு உள்ளே போனேன்.

“வாங்க,” என்றான் தம்பி. “ஆல்வின்தான் சொன்னானா?” நாற்காலியைக் காட்டினான். கை எலும்பாக இருந்தது. கடிகாரம் கட்டியிருக்கவில்லை. வார்டு சாப்பாட்டைப் பற்றிப் பேசினான். டிரைவிங் ஸ்கூல் வண்டியை ஷீலா எடுத்துக்கொண்டாள், நன்றாகச் சொல்லிக்கொடுக்கிறாள் என்றான். பிறகு கதவைப் பார்த்துக்கொண்டான். குரலைத் தாழ்த்தினான்.

“அண்ணா, எல்லாரும் சரியாயிடும் சரியாயிடும்ங்கறாங்க. பாஸ்டர் சொல்றாரு. கிரேஸ் சொல்றா. அவங்களுக்கு என்ன தெரியும்? நீ சொல்லு. நீ சொன்னா நடக்கும். நான் வீட்டுக்குப் போவேனா?”

‘நீ’ என்றான். ஒரு வருஷத்துக்கு மேல் கேட்காத ‘நீ’. முகத்தை மாற்றாமல் வைத்துக்கொண்டேன். வாழ்நாளெல்லாம் நான் சொன்னது பலித்ததே, அது இந்த ஒரு பொய்க்கு உதவட்டும் என்று நினைத்தேன்.

“போவே,” என்றேன்.

“கிறிஸ்துமஸுக்கு?”

“அதுக்கு முன்னாடியே.”

அவன் முகம் தெளிந்தது. நம்பிவிட்டான். அந்த நேரத்தில் அவன் முகம் எனக்கு மங்க ஆரம்பித்தது. கண்ணாடிக்குள் ஈரம். ஷீலாவுக்குச் சொன்னது ஞாபகம் இருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவன் வெறும் வெள்ளைத் தலையணையாகத் தெரிந்தான். பக்கத்திலிருந்தும் அவனைப் பார்க்க முடியாமல் போயிற்று. கழற்றினேன். சட்டை நுனியால் துடைத்தேன்.

மறுபடி மாட்டிக்கொண்டபோது அவன் என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தான். எல்லாம் புரிந்துவிட்டிருந்தது.

“சரி,” என்றான். கொஞ்ச நேரம் ஜன்னலைப் பார்த்தான். “கிரேஸ்கிட்ட சொல்லாத, எனக்குத் தெரியும்னு. பயப்படுவா.” என் முழங்காலைத் தட்டினான். “இர்லிண்ணா.”

கிறிஸ்துமஸுக்கு முன்னாடியே அவன் வீட்டுக்கு வந்தான். இனி செய்வதற்கு ஒன்றுமில்லை என்று ஆஸ்பத்திரியிலேயே அனுப்பிவிட்டார்கள். பொய் என்று நினைத்துச் சொன்னதுகூட அப்படியே நடந்தது. “பாத்தியா, நீ சொன்ன மாதிரியே வந்துட்டேன்,” என்று ஆம்புலன்ஸிலிருந்து இறக்கும்போது என்னிடம் சொன்னான்.

அந்த நாட்களில் நான் தினமும் போனேன். ஒரு சாயங்காலம் நாங்கள் இருவர் மட்டும் இருந்தபோது கடிகாரப் பட்டையைப் பற்றிச் சொன்னேன். “அன்னிக்கே பாத்தேன்டா. எனக்குத் தெரிஞ்சுது. கோவத்துல சொல்லாம விட்டுட்டேன்.”

அவன் கண்ணை மூடியிருந்தான். தூங்கிவிட்டான் என்று நினைத்தேன்.

“ஓட்டை போட்டது நான்தானே,” என்றான். “எனக்குத் தெரியாதா? நீ கேப்பேன்னு பாத்தேன். கேக்கல. சரி, அண்ணனே ஒண்ணும் சொல்லலையே, அப்ப ஒண்ணும் இருக்காதுன்னு விட்டுட்டேன்.”

அவன் குற்றம் சொல்லவில்லை. நடந்ததைச் சொன்னான். அன்றே பேசியிருந்தால் பிழைத்திருப்பானா என்று பிறகு டாக்டரிடம் கேட்டேன். இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம் என்றார். எனக்கு விடை தெரியாத கேள்வி அது ஒன்றுதான். அதோடுதான் நான் இருக்கப்போகிறேன்.

அன்று அவன் கையைப் பிடித்துக்கொண்டு நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். அவன் தலையை ஆட்டினான். சொல்லவிடவில்லை. என்ன சொல்லி நிறுத்தினான் என்று உங்களுக்கே தெரியும். வாசலில் ஷீலா நட்சத்திரம் கட்டிய வாரத்தில், மதியம், கிரேஸின் மடியில் அவன் உயிர் பிரிந்தது.

இந்த ஒரு வருஷம் எங்களோடு நின்றவர்களுக்கு நன்றி சொல்ல வேண்டும். நேரம் பார்க்காமல் வீட்டுக்கு வந்து ஊசி போட்ட நர்ஸ் அம்மாவுக்கும், ஸ்ட்ரெச்சரை மாடிப்படியில் தூக்கிக்கொண்டு வந்த ஆட்டோ ஸ்டாண்டு ஆட்களுக்கும், தினமும் கஞ்சி கொடுத்தனுப்பிய எதிர்வீட்டுக் கன்னடக்கார அம்மாவுக்கும், பாஸ்டருக்கும் சபையாருக்கும், வரிசையாகக் கார் ஓட்டிக்கொண்டு அடக்கத்துக்கு வந்த அவனுடைய மாணவிகளுக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. தானாக எனக்குப் போன் செய்த ஆல்வினுக்கு நான் தனியாகக் கடமைப்பட்டிருக்கிறேன். ஒரு கூட்டத்தின் நடுவில் ஷீலாவுக்கு நான் செய்ததற்கு, அதேபோன்ற கூட்டம் படிக்கப்போகும் இந்த மலரில் மன்னிப்புக் கேட்கிறேன். இதை எழுத அவளிடம் அனுமதி வாங்கினேன். எழுதுங்க, ஆனா நீட்டி முழக்காதீங்க என்றாள்.

இனி அந்தத் தவறு. மலர் அச்சுக்குப் போவதற்கு முன் ஆல்வின் முதல் பக்கத்தை எடுத்துக்கொண்டு வந்து என்னிடம் கொடுத்தான். “பெரியப்பா, தப்பு இருந்தா இப்பவே சொல்லிடுங்க. அச்சான பிறகு சொல்லாதீங்க.” கிரேஸும் ஷீலாவும் காபி டம்ளர்களோடு நின்றுவிட்டார்கள். நான் இரண்டு தடவை படித்தேன். ஒரு விவரம் தவறு. ஆனால் தம்பி தன் வாழ்நாள் முழுக்க எல்லோரிடமும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தான். நடந்ததைவிட அவன் சொன்னது நன்றாகவே இருந்தது. உண்மை தெரிந்த ஆள் இப்போது நான் ஒருவன்தான்.

கண்ணாடி மூக்கிலேயே இருந்தது.

“தப்பு இருக்கா?” என்றாள் ஷீலா.

“இருக்கு.”

“எங்க?”

காகிதத்தை மடித்து ஆல்வினிடம் கொடுத்தேன். “இர்லி,” என்றேன்.

ஷீலா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு அவள் கை மெதுவாக மேலே போயிற்று. இல்லாத கண்ணாடியைக் கழற்றினாள். துப்பட்டா நுனியில் துடைத்தாள்.

“அது ‘இரலி’, பெரியப்பா.”

அவள் சொன்னது சரி.